அப்பாவுக்கு மூச்சிரைப்பு, வீட்டில் இடிப்பு வேலை: குடியிருந்துகொண்டே சமாளிக்க முடியுமா?

மல்லிகைப்பந்தல் (தருமபுரி)
எல்லோருக்கும் வணக்கம். எங்கள் வீடு தருமபுரியிலிருந்து பென்னாகரம் போகும் சாலையில் இருக்கிறது. 1988-இல் தாத்தா கட்டியது. முன்பக்கம் தளம் போட்டது, பின்பக்கம் சமையலறைக்கும் பழைய மாட்டுக்கொட்டகைக்கும் சிமெண்ட் ஷீட். இப்போது சமையலறையைப் பெரிதாக்கி கிரானைட் மேடை, கூடத்துக்கு டைல்ஸ், எல்லாச் சுவருக்கும் பட்டி பார்த்துப் பெயிண்ட், புதிதாக ஒரு சம்ப் (தரைக்கு அடியில் தண்ணீர்த் தொட்டி) என்று வேலை எடுத்திருக்கிறோம். இரண்டு மாதம் ஆகும் என்று மேஸ்திரி சொன்னார். "ஒரு அறையைக் காலி செய்து அதில் இருந்துகொள்ளுங்கள், நாங்கள் மற்ற இடத்தில் வேலை பார்க்கிறோம்" என்றார். நாங்களும் சரி என்றுவிட்டோம்.

வீட்டில் அப்பா (67 வயது, சிஓபிடி என்ற நாள்பட்ட நுரையீரல் அடைப்பு நோய், தினமும் இன்ஹேலர்), அம்மா, நான், என் 4 வயது மகள். என் கணவருக்கு ஓசூரில் வேலை, ஞாயிறு மட்டும் வருவார்.

நேற்று முதல் நாள். சமையலறைச் சுவரில் பழைய பூச்சைக் கொத்தினார்கள், பிறகு மெஷின் வைத்து காடி வெட்டினார்கள். நாங்கள் முன் அறையில் கதவைச் சாத்திக்கொண்டு இருந்தோம். சாயந்திரம் பாலைக் காய்ச்சி வைத்துவிட்டுத் திரும்பி வந்து பார்க்கிறேன், பாலாடையின் மேல் சாம்பல் நிறத்தில் ஒரு படலம். கரண்டியால் எடுத்தால் நறநற என்கிறது. சாத்திய கதவுக்குள் அவ்வளவு வந்திருக்கிறது. ராத்திரி அப்பாவால் படுக்க முடியவில்லை. உட்கார்ந்தே மூச்சு வாங்கினார். விடிவதற்குள் பஃப் மூன்று தடவை எடுத்தார்.

வாடகைக்கு வேறு வீடு எடுக்கக் கையில் பணம் இல்லை. அம்மாவின் தங்கை நல்லம்பள்ளியில் இருக்கிறார், ஆனால் இரண்டு மாதம் போய் உட்கார முடியாது. வீட்டைக் கட்டியவர்கள், வேலை பார்த்தவர்கள் யாராவது வழி சொல்லுங்கள்.

---

சைட்_இன்ஜினியர் (ஓசூர்)
முதலில் நாளைக்கு வேலையை நிறுத்துங்கள். ஒரு நாள் நின்றால் ஒன்றும் குடி முழுகாது. அப்பாவைச் சித்தி வீட்டுக்கு அனுப்பிவிட்டு மறுபடி தொடங்கலாம்.

இரண்டு மாதமும் தூசி பறக்காது. வேலையைப் பிரித்துப் பாருங்கள். தூசி வரும் வேலை நான்கு: இடிப்பதும் பூச்சு கொத்துவதும், ஒயருக்கும் பைப்புக்கும் காடி வெட்டுவது, டைல்ஸும் கிரானைட்டும் அறுப்பது, பட்டி காய்ந்த பிறகு உப்புத்தாளால் தேய்ப்பது. உங்கள் வீட்டு அளவுக்கு இவை எல்லாம் சேர்ந்து 12, 14 நாள் இருக்கும். மேஸ்திரிகள் இதையெல்லாம் இடையிடையே கலந்து செய்வார்கள், ஆள் கிடைப்பதைப் பொறுத்து. அதனால்தான் இரண்டு மாதமும் தூசி மாதிரி தெரிகிறது. "இடிப்பு, காடி எல்லாம் முதல் வாரத்திலேயே முழு வீட்டுக்கும் முடித்துவிடுங்கள்" என்று சொல்லுங்கள். எலக்ட்ரீஷியனையும் பிளம்பரையும் அந்த வாரத்துக்கே வரச் சொல்ல வேண்டும், அதுதான் கொஞ்சம் அலைச்சல். பிறகு அறுப்பு வேலைக்கு ஒரு தவணை, பட்டிக்கு ஒரு தவணை. இப்படி மூன்று தவணையாக நான்கைந்து நாள் வெளியே இருந்தால் போதும். சித்தி வீட்டில் நான்கைந்து நாளுக்கு யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள்.

கதவைச் சாத்தினால் மட்டும் தூசி நிற்காது. கதவுக்கு அடியில் ஒரு விரல் இடைவெளி இருக்கும். நிலையில் பெரிய பாலித்தீன் ஷீட்டை நான்கு பக்கமும் டேப் போட்டு ஒட்டுங்கள், கீழே ஈரச் சாக்கு. வேலை நடக்கும் அறையின் ஜன்னலில் ஒரு டேபிள் ஃபேனை வெளியே பார்த்து வைத்து ஓட விடுங்கள். தூசி வீட்டுக்குள் வராமல் வெளியே போகும். மேலே ஓடும் ஃபேனை மட்டும் போடவே கூடாது.

அப்புறம், துடைப்பம். சாயந்திரம் வேலை முடிந்ததும் சித்தாள் பெருக்கித் தள்ளுவார்களே, அப்போது எழும் தூசி கொத்தும்போது வருவதற்குக் குறையாது. தண்ணீர் தெளித்துவிட்டு அள்ளச் சொல்லுங்கள், கடைசியில் ஈரத்துணியால் துடைக்கச் சொல்லுங்கள்.

---

கல்பட்டறை மகன் (கிருஷ்ணகிரி)
அக்கா, இதைப் படித்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை.

என் அப்பா கிருஷ்ணகிரிப் பக்கம் ஒரு கிரானைட் பட்டறையில் 18 வருடம் கட்டிங், பாலிஷ் வேலை பார்த்தார். நம் இரண்டு மாவட்டத்திலும் பாதி ஊருக்கு அந்த வேலை தெரியும், பர்கூர் பக்கம் போனால் சாலை ஓரமெல்லாம் கல்தான். சாயந்திரம் அவர் சைக்கிளில் வரும்போது புருவம், மூக்கு முடி எல்லாம் வெள்ளையாக இருக்கும். வாசலில் நின்று துண்டை உதறுவார். நாங்கள் சின்னப் பிள்ளைகள், அந்தப் புகை மாதிரி எழும் தூசிக்குள் ஓடி விளையாடுவோம். அதே துண்டைத்தான் அடுத்த நாள் முகத்தில் கட்டிக்கொண்டு போவார்.

45 வயதில் இருமல் தொடங்கியது. டிபி என்று சொல்லி மருந்து கொடுத்தார்கள். சளிப் பரிசோதனையில் ஒன்றும் வரவில்லை, ஆனாலும் ஆறு மாதம் சாப்பிட்டார். குறையவில்லை. பிறகு வேறு ஒரு டாக்டர்தான் "என்ன வேலை பார்த்தீர்கள்?" என்று கேட்டார். அதுவரை யாரும் கேட்கவில்லை. எக்ஸ்ரேயைப் பார்த்துவிட்டு சிலிகோசிஸ் என்றார். கல்லில் இருக்கும் சிலிக்கா தூளாகி நுரையீரலின் அடிவரை போய் உட்கார்ந்துவிடும். உடம்பால் அதைக் கரைக்கவும் முடியாது, வெளியே தள்ளவும் முடியாது. சுற்றிலும் தழும்பு கட்டிக்கட்டி நுரையீரல் இறுகிப்போகும். குணப்படுத்த மருந்து கிடையாது. சிலிகோசிஸ் இருப்பவர்களுக்கு டிபியும் சுலபமாக வரும். புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களின் முதல் பட்டியலில் சிலிக்கா தூளை 1997-இலேயே உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை சேர்த்துவிட்டது. அப்பா அந்த வருடம் பட்டறையில்தான் இருந்தார்.

கண்ணுக்குத் தெரியும் தூசி மூக்கிலும் தொண்டையிலும் நின்றுவிடும். கெடுதல் செய்வது தெரியாத தூசி. நம் தலைமுடி ஏறக்குறைய 70 மைக்ரான் கனம் என்றால், நுரையீரலின் அடிவரை போகும் துகள் 4, 5 மைக்ரான்தான். அது ஒருமுறை பறந்தால் மணிக்கணக்கில் காற்றில் நிற்கும். மெஷினை நிறுத்திவிட்டோம், காற்று தெளிந்துவிட்டது என்று உள்ளே போகிறோமே, அப்போதும் அது அங்கேதான் இருக்கும்.

கல்லுக்குக் கல் வித்தியாசமும் உண்டு. சிவப்பு, சாம்பல், பாரடைசோ மாதிரி கிரானைட்டில் கால் பங்குக்கு மேல் சிலிக்கா இருக்கும். கருப்புக் கல்லில் குறைவு. இப்போது கிச்சன் மேடைக்கு "குவார்ட்ஸ்" என்று பளபளப்பாகச் செயற்கைக் கல் விற்கிறார்களே, அதில் 90 சதவீதத்துக்கு மேல்கூட இருக்கும். ஆஸ்திரேலியாவில் அந்தக் கல்லையே 2024 ஜூலை முதல் தடை செய்துவிட்டார்கள். அறுக்கும் தொழிலாளர்கள் சின்ன வயதிலேயே சிலிகோசிஸில் விழுந்ததால்தான்.

உங்களிடம் ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். மேடைக் கல்லை வீட்டுக்குள் அறுக்க விடாதீர்கள். அளவெடுத்துக் கொடுத்தால் பட்டறையிலேயே தண்ணீர் ஓட விட்டு, சிங்க் துளை உட்பட அறுத்துக் கொண்டுவந்து வைப்பார்கள். வீட்டில் அறுத்தே ஆக வேண்டும் என்றால் வெளியில், தண்ணீர் விட்டுக்கொண்டே.

---

25 வருட மேஸ்திரி (ஊத்தங்கரை)
தம்பி சொல்வது மனதுக்குக் கஷ்டமாக இருக்கிறது. ஆனால் பயமுறுத்தவும் வேண்டாம். பட்டறையில் 18 வருடம் வேலை பார்த்தது வேறு, ஒரு வீட்டில் நான்கு நாள் டைல்ஸ் அறுப்பது வேறு. வீட்டுக்காரர்களுக்கு அதனால் சிலிகோசிஸ் வராது. நான் 25 வருடமாக வேலை பார்க்கிறேன், துண்டுதான் கட்டுகிறேன், நன்றாகத்தான் இருக்கிறேன்.

இன்னொன்று, தண்ணீர் விட்டு அறுத்தால் சேறு தெறிக்கும், அளவுக் கோடு அழிந்துவிடும், வேலை இழுக்கும். கூலி யார் கொடுப்பது? பேசின தொகைக்குள் இதெல்லாம் வராது. வீட்டுக்காரர்கள் அதையும் யோசிக்க வேண்டும்.

---

கல்பட்டறை மகன் (கிருஷ்ணகிரி)
அண்ணா, வீட்டுக்காரர்களுக்கு நான்கு நாளில் சிலிகோசிஸ் வராது என்பது சரி. நான் அப்படிச் சொல்லவில்லை. ஆனால் அவர்கள் அப்பாவுக்கு ஏற்கெனவே நுரையீரல் பழுது. அவருக்கு எந்தத் தூசியும் ஒரே ராத்திரியில் ஆபத்தாகலாம், நேற்றே பார்த்துவிட்டார்கள்.

நான் சொன்னது உங்களைப் பற்றித்தான் அண்ணா. இந்த வீட்டில் நான்கு நாள், அடுத்த வீட்டில் ஐந்து நாள், உங்களுக்கும் உங்கள் ஆட்களுக்கும் வருடம் முழுக்க அதே தூசி. அப்பாவும் முதல் பத்து வருடம் நன்றாகத்தான் இருந்தார். அந்த நோய் அப்படித்தான், சத்தமில்லாமல் இருந்துவிட்டு வரும். துண்டு பெரிய தூசியைப் பிடிக்கும், இதைப் பிடிக்காது. என்95 போடுங்கள், பச்சை சர்ஜிக்கல் மாஸ்க் உதவாது. இரண்டு வாரும் தலைக்குப் பின்னால் போக வேண்டும், மூக்கின் மேல் கம்பியை அழுத்தி விட வேண்டும். தாடி இருந்தால் ஓரமாகக் காற்று புகுந்துவிடும். ஒருமுறை நெஞ்சு எக்ஸ்ரேயும் எடுத்துப் பாருங்கள், டாக்டரிடம் "கல், டைல்ஸ் அறுக்கிற வேலை" என்று நீங்களாகவே சொல்லுங்கள்.

கூலி விஷயத்தில் உங்கள் பக்கம்தான் நியாயம். தண்ணீர் விட்டு அறுக்கக் கூடுதல் நேரம் ஆனால் அதற்கு வீட்டுக்காரர்தான் கொடுக்க வேண்டும். மாஸ்க்கையும் அவர்களே வாங்கித் தர வேண்டும்.

---

மல்லிகைப்பந்தல் (தருமபுரி)
அப்பாவை இன்று காலை சித்தி வீட்டில் விட்டுவிட்டு வந்தேன். மகளும் கூடப் போயிருக்கிறாள்.

கல்பட்டறை தம்பி, உங்கள் பதிவை எங்கள் மேஸ்திரிக்கு வாசித்துக் காட்டினேன். முதலில் ஒன்றும் பேசவில்லை. அவரிடம் கையாளாக ஒரு பையன் இருக்கிறான், 19 வயது, பாப்பிரெட்டிப்பட்டிப் பக்கம். அவனைக் கூப்பிட்டு "வாயைக் கட்டிக்கொள்ளடா" என்று அதட்டினார். நான் ஒரு டப்பா என்95 வாங்கிக் கொடுத்தேன். அந்தப் பையன் வெட்கப்பட்டுக்கொண்டே போட்டான், பத்து நிமிடத்தில் கழுத்துக்கு இறக்கிவிட்டான், வியர்க்கிறதாம். பத்தரைக்கும் நாலு மணிக்கும் டீ கொடுக்கும்போது மாஸ்க்கைக் கழற்றி முகத்தைத் துடைத்துக்கொண்டு புதிதாகப் போட்டுக்கொள் என்று சொல்லியிருக்கிறேன். மேஸ்திரி போட்டால் அவனும் போடுவான் என்று தோன்றுகிறது.

தண்ணீர் விட்டு அறுக்க ஒப்புக்கொண்டார், நாள் கூலியில் கொஞ்சம் கூட்டித் தருவதாகச் சொன்னேன். ஆனால் கரண்ட் மெஷினில் தண்ணீர் விடுவது எனக்குப் பயமாக இருக்கிறது. பாட்டில் மூடியில் ஓட்டை போட்டு ஒருவர் ஊற்ற, ஒருவர் அறுக்கிறார். இது சரியா?

---

ஒயர்மேன் (காவேரிப்பட்டணம்)
பயப்படுவது சரிதான். தண்ணீரும் கரண்டும் சேரும் இடத்தில் ஒரே காவல் ஆர்சிசிபி, அதாவது கரண்ட் கசிந்தால் உடனே லைனை கட் செய்யும் ஸ்விட்ச். உங்கள் மெயின் பாக்ஸில் "டி" (ஆங்கில T) என்று எழுதிய ஒரு சின்னப் பட்டன் இருக்கிறதா பாருங்கள். இருந்தால் அழுத்துங்கள், உடனே மொத்த லைனும் கட் ஆக வேண்டும். ஆகவில்லை என்றால் அது பொம்மை, மாற்ற வேண்டும். பட்டனே இல்லை என்றால் 30 மில்லி ஆம்பியர் ஆர்சிசிபி ஒன்றை இந்த வேலையோடு போட்டுவிடுங்கள். ஃபியூஸும் எம்சிபியும் ஒயரைக் காப்பாற்றும், ஆளைக் காப்பாற்றாது. 1988 வீடு என்கிறீர்கள், எர்த் கம்பியும் துருப்பிடித்து அறுந்திருக்கும், அதையும் அளந்து பார்க்கச் சொல்லுங்கள்.

வேலை நடக்கும் வீட்டுக்குப் போனால் நான் முதலில் பார்ப்பது எக்ஸ்டென்ஷன் ஒயரைத்தான். பிளக்கே இருக்காது, இரண்டு ஒயரின் முனையைச் சீவி சாக்கெட்டில் விட்டுத் தீக்குச்சியால் இறுக்கியிருப்பார்கள். எர்த் ஒயர் தனியாகத் தொங்கும். அந்த ஒயர் ஈரத்தரையில் கிடக்கும், அதன் மேல் சித்தாள் வெறுங்காலோடு சட்டி தூக்கிக்கொண்டு நடப்பார். மூன்று பின் பிளக் இல்லாத எந்த மெஷினையும் வீட்டுக்குள் விடாதீர்கள். பாட்டில் ஊற்றும் ஆள் மெஷினிலிருந்து தள்ளி நின்று பிளேடு படும் இடத்தில் மட்டும் விட வேண்டும், மோட்டார் மேல் அல்ல. மார்பிள் கட்டரிலேயே சின்னத் தண்ணீர்க் குழாயோடு வருவது உண்டு, அது இன்னும் நல்லது. கால்களுக்கு ரப்பர் பூட்ஸ்.

இன்னும் இரண்டு. கதவு நிலை சீவ வரும் ஆள் கட்டிங் மெஷினில் பல் வைத்த மர பிளேடைப் போட்டால் உடனே நிறுத்துங்கள். 4 இன்ச் மெஷின் நிமிடத்துக்கு 11,000 சுற்றுக்கு மேல் சுற்றும், அந்த பிளேடு அதற்கானது அல்ல. மரத்தில் மாட்டினால் மெஷின் கையிலிருந்து துள்ளிவிடும். பிளேடை மூடியிருக்கும் கார்டையும் கழற்றி வைத்துவிட்டுத்தான் ஓட்டுவார்கள். விரலும் தொடையும் அறுபட்டவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

மொட்டை மாடி ஓரமாகக் கரண்ட் லைன் போகிறதா? மேலே ஏற்றும் இரும்புக் கம்பி ஒன்று 40 அடி. தூக்கித் திருப்பும்போது மறுமுனை எங்கே இருக்கிறது என்று தூக்குபவருக்குத் தெரியாது. கீழே ஒருவர் நின்று மறுமுனையை மட்டும் பார்க்க வேண்டும்.

---

வார்டு அக்கா (அரூர்)
நான் நர்ஸ். எல்லோரும் தூசியைச் சொல்லிவிட்டார்கள், அப்பா விஷயத்தில் ஒன்று மட்டும். தினமும் எடுக்கும் இன்ஹேலர் வேறு, இரைக்கும்போது எடுப்பது வேறு. சித்தி வீட்டுக்கு இரண்டும் போயிருக்கிறதா என்று பாருங்கள், இன்ஹேலரில் மாட்டும் ஸ்பேசர் குழலோடு. ஒரு வாக்கியத்தை முழுதாகச் சொல்ல முடியாமல் திணறினாலோ, உதடு நீலம் பாய்ந்தாலோ பஃபை எண்ணிக்கொண்டு உட்காராமல் 108-ஐ அழையுங்கள். ஒரே ராத்திரியில் மூன்று தடவை எடுத்திருக்கிறார் என்றால் டாக்டரிடம் ஒருமுறை காட்டிவிடுவது நல்லது.

நான் எழுத வந்தது வேறு விஷயத்துக்கு. ராத்திரி எங்கே படுக்கிறீர்கள்? வீட்டு வேலை நடக்கும் இடங்களில் கட்டிலை ஓரம் கட்டிவிட்டு எல்லோரும் தரையில், திண்ணையில் பாய் போட்டுப் படுப்பார்கள். பக்கத்திலேயே செங்கல் அடுக்கு, ஜல்லிக் குவியல், தார்பாய். எலி வரும், எலிக்குப் பின்னால் பாம்பு வரும். கட்டுவிரியன் ராத்திரியில் நடமாடும், தூங்குபவரைக் கடிக்கும். பல் தடம்கூடத் தெரியாது, வலியும் பெரிதாக இருக்காது. விடியற்காலையில் வயிற்றுவலி, வாந்தி என்று எழுந்திருப்பார்கள், கொஞ்ச நேரத்தில் இமை தானாக மூடும், பேச்சு குழறும். அஜீரணம் என்று சோடா வாங்கிக் கொடுத்து நேரத்தை விட்டவர்களைப் பார்த்திருக்கிறேன். தரையில் படுத்தவருக்கு இப்படி இருந்தால் பாம்பு என்று நினைத்தே ஓடி வாருங்கள். கட்டுப் போட வேண்டாம், கீற வேண்டாம், வாயால் உறிஞ்ச வேண்டாம். கடித்த கையை, காலை அசைக்காமல் நேராக அரசு மருத்துவமனை. நம் ஊரில் அதிகம் கடிக்கும் நான்கு வகைக்கும் சேர்த்துத்தான் விஷமுறிவு மருந்து இருக்கிறது, பாம்பை அடித்துக் கொண்டுவர வேண்டிய அவசியம் இல்லை.

கட்டிலில் படுங்கள். முடியாவிட்டால் கொசுவலை கட்டி, ஓரத்தைப் பாய்க்கு அடியில் முழுக்கச் செருகிவிட்டுப் படுங்கள். செங்கலைச் சுவரோடு சேர்த்து அடுக்காதீர்கள். காலையில் கல்லை எடுக்கும்போது கையை விடுவதற்கு முன்னால் குச்சியால் தட்டட்டும்.

பழைய பலகையில் ஆணி இருக்கும். ஏறினால் சோப்புத் தண்ணீரில் கழுவிவிட்டு அன்றே டிடி ஊசி. சுண்ணாம்போ சிமெண்டோ கண்ணில் தெறித்தால் தாய்ப்பால், விளக்கெண்ணெய் எதுவும் விடாமல் நல்ல தண்ணீரில் 20 நிமிடம் விடாமல் கழுவிவிட்டுப் பிறகுதான் ஆஸ்பத்திரிக்குக் கிளம்ப வேண்டும். ஈர சிமெண்ட் கடும் காரம், தோலையே அரித்துவிடும். சித்தாள் அக்காக்களின் விரல் இடுக்கில் வெடிப்பு வெடிப்பாக இருக்குமே, அதனால்தான். அவர்களுக்கு ரப்பர் கையுறை வாங்கிக் கொடுங்கள்.

கியூரிங்குக்கு, அதாவது சிமெண்ட் இறுகுவதற்கு, தளத்தில் பாத்தி கட்டி நிறுத்தும் தண்ணீர், டிரம் தண்ணீர் எல்லாம் டெங்கு கொசுவுக்கு ஏற்ற இடம். முட்டை கொசுவாக மாற ஒரு வாரம் பத்து நாள் போதும். வாரத்துக்கு ஒருமுறை முழுக்க வடித்துத் தேய்த்துவிட்டு மறுபடி நிரப்பச் சொல்லுங்கள். டிரம்மைத் துணி கட்டி மூடுங்கள்.

---

பாலக்கோட்டான்
தண்ணீர் பேச்சு வந்ததால் சொல்கிறேன். எங்கள் வீட்டு வேலையின்போது தரை தோண்டியதில் ஒகேனக்கல் தண்ணீர் வரும் பைப்பை உடைத்துவிட்டார்கள். "கடைசியில் மாட்டிக்கொள்ளலாம்" என்று விட்டுவிட்டோம். நான்கு மாதம் போர் தண்ணீரைத்தான் காய்ச்சிக் குடித்தோம். குழந்தைகளும்தான்.

நம் இரண்டு மாவட்டத்து ஃபுளோரைடு பற்றி யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. எங்கள் பாட்டி தலைமுறையில் பல் காவி ஏறாதவர்களும் முதுகு வளையாதவர்களும் குறைவு. ஜப்பான் கடனுதவியோடு ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் போட்டு 2013-இல் தண்ணீர் கொடுக்கத் தொடங்கியதே அதற்காகத்தான். லிட்டருக்கு 1.5 மில்லிகிராமுக்கு மேல் ஃபுளோரைடு இருந்தால் குடிக்கக் கூடாது. காய்ச்சினால் கிருமி சாகும், ஃபுளோரைடு போகாது. தண்ணீர் சுண்டுவதால் கொஞ்சம் கூடவே செய்யும். 8 வயதுக்குள்தான் நிலைப்பற்கள் உள்ளே உருவாகும், அந்த வயதில் குடிப்பதுதான் பின்னால் காவியாகத் தெரியும். உங்களுக்கு 4 வயதுக் குழந்தை இருக்கிறது. சிமெண்டுக்கும் கியூரிங்குக்கும் போர் தண்ணீர், வாய்க்குள் போவது ஒகேனக்கல் தண்ணீர். வேலை முடியும்வரை அந்த ஒரு குழாயை யாரும் தொடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். புது சம்ப்பிலும் இரண்டையும் ஒன்றாகக் கலக்க வேண்டாம்.

---

பணிமூப்பு_101 (தருமபுரி)
தீயணைப்புத் துறையில் இருந்து ஓய்வு பெற்றவன். முதல் பதிவில் புது சம்ப் என்று ஒரு வார்த்தை இருக்கிறது. யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை, அதனால் எழுதுகிறேன்.

செப்டிக் டேங்கில் விஷவாயு இருக்கும் என்பது இப்போது எல்லோருக்கும் தெரியும். ஆனால் புதிதாகக் கட்டிய, ஒரு சொட்டு சாக்கடைகூடப் படாத தண்ணீர்த் தொட்டியிலும் ஆள் சாகும் என்பது பலருக்குத் தெரியாது. மேல் தளம் ஒட்டியதும் உள்ளே அந்தக் கான்கிரீட்டைத் தாங்கும் சென்ட்ரிங் பலகையும் முட்டும் நிற்கும். இரண்டடி வாய், அதையும் பலகை போட்டு மூடியிருப்பார்கள். பத்துப் பதினைந்து நாள் ஈரப் பலகை அந்த இருட்டில் மக்கும். மக்கும் மரம் உள்ளே இருக்கும் ஆக்ஸிஜனைத் தின்றுவிடும். வெளியிலிருந்து பார்த்தால் சுத்தமான தொட்டி, வாடையும் இருக்காது. சென்ட்ரிங் பிரிக்க ஒருவர் இறங்குவார், நான்கு மூச்சில் விழுந்துவிடுவார். மேலே நிற்பவர் வழுக்கி விழுந்துவிட்டார் என்று நினைத்து இறங்குவார். பிறகு மூன்றாவது ஆள். இப்படி நாங்கள் போய் ஒரே குழியிலிருந்து ஒருவருக்கு மேல் எடுத்திருக்கிறோம். அதில் காப்பாற்றப் போனவர்கள்தான் அதிகம், பெரும்பாலும் சொந்தக்காரர்கள்.

தொட்டிக்கு ஒரே வாய் வைக்காமல் எதிர் எதிர் மூலையில் இரண்டு வாய் வைக்கச் சொல்லுங்கள். பிரிப்பதற்கு முதல் நாளே இரண்டையும் முழுக்கத் திறந்து போடுங்கள். ஒரு வாயில் ஃபேனோ புளோயரோ வைத்து மணிக்கணக்கில் காற்றை உள்ளே அடிக்க வேண்டும். இறங்குபவர் இடுப்பில் கயிறு, அதன் மறுமுனை மேலே இரண்டு பேர் கையில். உள்ளே இருக்கும் ஆள் பேசிக்கொண்டே இருக்க வேண்டும், பேச்சு நின்றால் இழுக்க வேண்டும். மெழுகுவத்தி எரிந்தால் காற்று சரி என்று ஒரு நம்பிக்கை உண்டு. அதை நம்பாதீர்கள். விஷவாயுவை மெழுகுவத்தி காட்டாது, பழைய செப்டிக் டேங்க் என்றால் மீத்தேன் இருந்து தீயே பிடிக்கும். ஒருவர் விழுந்துவிட்டால் யாரும் இறங்காமல் மேலிருந்து காற்றை அடித்துக்கொண்டே 101 அல்லது 112. அந்த நேரத்தில் இறங்காமல் நிற்பது எவ்வளவு கஷ்டம் என்று எனக்குத் தெரியும். ஆனாலும் இறங்கக் கூடாது.

செப்டிக் டேங்கைப் பாதுகாப்புக் கருவி இல்லாமல் ஆளை இறக்கிச் சுத்தம் செய்ய வைப்பது 2013-ஆம் வருடச் சட்டப்படி குற்றம். கூலி அதிகம் கொடுத்தாலும், அவரே சம்மதித்தாலும் குற்றம்தான். கழிவை உறிஞ்சும் லாரியைக் கூப்பிடுங்கள்.

---

மல்லிகைப்பந்தல் (தருமபுரி)
ஐயா, உங்கள் பதிவைப் படித்துவிட்டு ராத்திரி தூங்கவில்லை. சம்ப்புக்கு ஒரு வாய்தான் வரைந்திருந்தார்கள். இன்று மேஸ்திரியிடம் பேசி இரண்டாக மாற்றியாயிற்று. இன்னும் தளம் ஒட்டவில்லை, நல்லவேளை.

இன்னும் இரண்டு சந்தேகம். பின்பக்கம் இருக்கும் பழைய சிமெண்ட் ஷீட்டைச் சம்மட்டியால் உடைத்து இறக்கப் போவதாகச் சொல்கிறார்கள். அது கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) கலந்தது என்று எங்கோ படித்த ஞாபகம். அப்புறம் கதவு, ஜன்னலில் பச்சை எனாமல் பெயிண்ட் நான்கைந்து அடுக்கு இருக்கிறது, அதைச் சுரண்ட வேண்டும்.

---

சைட்_இன்ஜினியர் (ஓசூர்)
உடைக்கவே கூடாது. அந்தக் காலத்து சிமெண்ட் ஷீட் என்றால் கல்நார் இருக்கிறது என்றே வைத்துக்கொள்ளுங்கள். ஷீட் முழுதாக இருக்கும்வரை நார் சிமெண்டுக்குள் கட்டுப்பட்டிருக்கும். உடைத்தால், அறுத்தால், துளை போட்டால் வெளியே வரும். மூச்சில் போனால் 20, 30 வருடம் கழித்துக்கூடப் புற்றுநோயாக வரும். நம் நாட்டில் இன்னும் தடை இல்லாததால் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை.

ஷீட்டை நன்றாக நனையுங்கள். ஜே போல்ட்டின் (ஷீட்டைப் பிடித்திருக்கும் கொக்கி) நட்டைக் கழற்றி, ஒவ்வொன்றாக முழுதாக இறக்குங்கள். துருப்பிடித்த நட் வராவிட்டால் கொக்கியை அடியில் அறுக்கலாம், ஷீட்டில் கை வைக்க வேண்டாம். இறக்குபவர்களுக்கு எஃப்எஃப்பி3 அல்லது பி100 மாஸ்க், கல்நாருக்கு என்95 போதாது. ஷீட் மேல் நேராகக் கால் வைத்தால் உடைந்து உள்ளே விழுந்துவிடுவார்கள், பலகை போட்டு அதன் மேல் நிற்கட்டும். இறக்கியதை பாலித்தீனில் சுற்றி ஓரமாக வையுங்கள். துண்டுகளைத் தூளாக்கி வாசலில் கொட்டி நிரப்ப வேண்டாம், ஊரில் அப்படிச் செய்வார்கள்.

பெயிண்ட்டும் அதே மாதிரிதான். வீட்டுப் பெயிண்ட்டில் ஈயம் 90 பிபிஎம்முக்கு (பத்து லட்சத்தில் 90 பங்கு) மேல் இருக்கக் கூடாது என்ற விதி 2017 நவம்பரில்தான் நடைமுறைக்கு வந்தது. அதற்கு முந்தைய பச்சை, மஞ்சள், சிவப்பு எனாமலில் ஈயம் தாராளமாக இருந்திருக்கும். உலர்ந்த உப்புத்தாள் வேண்டாம், தீ வைத்து உரிக்கவும் வேண்டாம். தண்ணீர் உப்புத்தாளை நனைத்துத் தேய்க்கச் சொல்லுங்கள். கதவைக் கழற்றி வாசலுக்குக் கொண்டுபோய்விட்டால் இன்னும் நல்லது. கீழே பிளாஸ்டிக் ஷீட் விரித்து, சுரண்டலை அதோடு மடித்துக் கட்டிவிடுங்கள். குழந்தை தரையில் கையை ஊன்றி அப்படியே வாயில் வைக்கும் வயது, ஈயம் கொஞ்சமாகப் போனாலும் மூளை வளர்ச்சியைத் தொடும். பாப்பா வருவதற்கு முன்னால் தரை, ஜன்னல் விளிம்பு எல்லாம் இரண்டு தடவை ஈரத்துணி போட்டுவிடுங்கள்.

---

25 வருட மேஸ்திரி (ஊத்தங்கரை)
அன்றைக்கு எழுதிவிட்டுப் போய்விட்டேன், பிறகு வந்து எல்லாவற்றையும் படித்தேன். தம்பி, போன வாரம் எக்ஸ்ரே எடுத்தேன். கீழ்ப்பக்கம் லேசாக ஏதோ இருக்கிறது, ஸ்கேன் எடுத்துப் பார்க்கலாம் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். வேலையைச் சொன்னேன், எழுதிக்கொண்டார். என்னிடம் இருக்கும் ஆறு பேரையும் எடுக்கச் சொல்லியிருக்கிறேன்.

கட்டுமானத் தொழிலாளர் நல வாரியத்தில் பதிவு இல்லாத ஆட்கள் இரண்டு பேர் இருந்தார்கள், அதையும் செய்துவிட்டேன். விபத்து, இறப்பு என்று வந்தால் குடும்பத்துக்கு அதுதான் ஏதாவது கொடுக்கும். ஆள் வைக்கும் எல்லோரும் அட்டை இருக்கிறதா என்று கேளுங்கள்.

---

கல்பட்டறை மகன் (கிருஷ்ணகிரி)
அண்ணா, ஸ்கேன் எடுத்ததும் இங்கே ஒரு வரி எழுதுங்கள். அதுவரை அறுப்பு வேலையை நீங்கள் தொடாதீர்கள், தயவுசெய்து.

---

மல்லிகைப்பந்தல் (தருமபுரி)
ஐந்து வாரம் ஆகிவிட்டது. இடிப்பும் காடியும் முடிந்து, டைல்ஸ் முடிந்து, மேடைக் கல் பட்டறையிலேயே அறுத்து வந்து உட்கார்ந்துவிட்டது. ஷீட் 14-உம் உடையாமல் இறங்கியது. ஒன்றே ஒன்று ஓரம் விரிந்தது, நனைத்துச் சுற்றிவிட்டார்கள். மெயின் பாக்ஸில் பட்டன் இல்லை, புதிதாக ஆர்சிசிபி போட்டாயிற்று. போட்ட மூன்றாம் நாள் கட்டிங் மெஷினைச் செருகியதுமே மொத்த லைனும் கட் ஆனது. எலக்ட்ரீஷியன் கழற்றிப் பார்த்தால் மெஷினுக்குள் ஒயர் தோல் உரிந்து பாடியில் ஒட்டிக்கொண்டிருந்தது. அதற்கு முந்தைய வாரம் முழுக்க அதே மெஷினில்தான் தண்ணீர் விட்டு அறுத்தார்கள். ஒயர்மேன் அண்ணா, உங்களுக்கு எப்படி நன்றி சொல்வது என்று தெரியவில்லை.

அப்பா தூசி வரும் நாட்களில் நல்லம்பள்ளி, மற்ற நாளில் வீடு. அந்த முதல் ராத்திரி மாதிரி மறுபடி வரவில்லை. சித்தி வீட்டுத் திண்ணையில் சீட்டு விளையாட ஆள் கிடைத்திருக்கிறது, திரும்பி வரத்தான் மனமில்லை.

நாளை மறுநாள் சம்ப் சென்ட்ரிங் பிரிக்கிறார்கள். இன்று காலையிலேயே இரண்டு வாயையும் திறந்து போட்டாயிற்று. புளோயர் வாடகைக்குச் சொல்லியிருக்கிறேன், நாளை சாயந்திரத்திலிருந்து ஓடும். கயிறு வாங்கி வைத்துவிட்டேன். அந்தப் பையன்தான் இறங்குவானாம், ஒல்லியாக இருக்கிறான் என்று. பணிமூப்பு ஐயா, இடுப்பில் எப்படி முடிச்சுப் போட வேண்டும் என்று கொஞ்சம் எழுதுங்கள். இழுக்கும்போது அவிழாமல் இருக்க வேண்டும்.

---

பணிமூப்பு_101 (தருமபுரி)
இடுப்பில் மட்டும் கட்டினால் இழுக்கும்போது ஆள் இரண்டாக மடிந்துவிடுவான், இரண்டடி வாயில் வராது. முழு உடல் பெல்ட் ஒன்று வாங்குங்கள், முதுகில் வளையம் இருக்கும், கயிறு அதில்தான் மாட்ட வேண்டும். நானும் முதலில் இடுப்பு என்றுதான் எழுதிவிட்டேன், அது தவறு. எத்தனை மணிக்குப் பிரிக்கிறார்கள் என்று சொல்லுங்கள், நானே வருகிறேன். பென்னாகரம் ரோடு எனக்குப் பத்து நிமிடம்தான். நான் வரும்வரை யாரையும் இறக்காதீர்கள்.